நாற்பத்தோராம் காட்சி வாத்துகள்

அத்தியாயம் 14

போன வாரம் ஹல்மோஷ் வெண்டெலை அவன் வீட்டுச் சமையலறையில், வாத்துக் கொழுப்புப் பாத்திரத்துக்குள் முழங்கை வரை கையை விட்ட நிலையில் நிறுத்தியிருந்தோம். ஒரு வாரமாக அப்படியே நிற்கிறான், பாவம். கையை எடுக்கச் சொல்வோம்.

எடுத்தான். கையில் கொழுப்பு இருந்தது. டப்பா இல்லை.

நவம்பரிலிருந்து இந்த மார்ச் வரை அந்த நீல எனாமல் பாத்திரத்தின் அடியில், மெழுகுத் துணி சுற்றிய ஒரு ஃபிலிம் டப்பா படுத்திருந்தது. அதில் அதிசயம் ஒன்றும் இல்லை. புடாபெஸ்ட்டில் அந்தக் குளிர்காலத்தில் கொழுப்புப் பாத்திரத்துக்குள் எதையாவது ஒளிக்காத வீடே கிடையாது. எதிர்வீட்டில் ஒரு துப்பாக்கி பதினேழு துண்டாகக் கிடந்தது. மூன்றாம் மாடி வக்கீல் தன் மாமனாரையே அதில்தான் வைத்திருந்தார் என்றும், சோதனைக்கு வந்தவர்கள் மேலாகக் கரண்டி போட்டுப் பார்த்துவிட்டுப் போனார்கள் என்றும் பேச்சு. மாமனார் அதற்குப் பிறகு வாத்து சாப்பிடுவதில்லை.

"என்ன தேடறே?"

வாசல்படியில் இல்கா நின்றாள். வெண்டெல் அவளைக் கல்யாணம் செய்து பதினாறு வருடம். அவள் குரலில் பெருமை இருந்தது.

"இதுக்கு அடியில ஒண்ணு இருந்துச்சு."

"இருந்துச்சு. செவ்வாய்க்கிழமை பாத்திரத்தைக் கழுவினேன், கையில தட்டுப்பட்டுச்சு. எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா நீ?"

"இப்ப எங்க அது?"

"எங்க இருக்கணுமோ அங்க. கொண்டுபோய் உங்க ஃபிலிம் ஃபாக்டரியிலேயே குடுத்துட்டேன்."

வெண்டெல் ஸ்டூலில் உட்கார்ந்தான். கொழுப்புக் கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் தூக்கியே பிடித்திருந்தான்.

"பின்டேர் அம்மா கீழ நிறுத்திச் சொன்னா," என்றாள் இல்கா. பின்டேர் அம்மாள் அந்தக் கட்டடத்தின் காவல்காரி. எந்த வீட்டில் எத்தனை முறை தும்முகிறார்கள் என்பது அவளுக்கு மனப்பாடம். "வெள்ளிக்கிழமை நம்ம மாடியில சோதனையாம். டப்பா மேல ஃபாக்டரி முத்திரை. பக்கத்துலயே ‘சிரிக்கும் பண்ணை, காட்சி 41’னு உன் கையெழுத்து. அரசாங்கச் சொத்தைத் திருடி வச்சிருக்கான்னு உன்னைக் கொண்டுபோனா நான் என்ன பண்றது? அதான், மறந்து வீட்டுக்கு எடுத்துட்டு வந்துட்டார்னு சொல்லிக் குடுத்தேன். அங்க எல்லாரும் என்னைக் கட்டிப் பிடிச்சுக்கிட்டாங்க, தெரியுமா? ஒரு ஆளு அழுதுட்டான்னா பாத்துக்கோ."

"அதுல இருக்கறது பண்ணை இல்ல, இல்கா."

"பின்ன?"

"தெஜோ."

தெஜோ இல்காவின் தம்பி. அக்கா பிடித்திருந்த துணி கீழே விழுந்தது. எடுக்க அவள் குனியவில்லை.

வெண்டெல் ஏன் அவளிடம் சொல்லவில்லை என்றால், விசாரணையில் அவள் ‘எனக்குத் தெரியாது’ என்று உண்மையாகவே சொல்ல வேண்டும் என்பதற்காக. நல்ல ஏற்பாடு. தெரியாததால்தான் அவள் கொண்டுபோய்க் கொடுத்தாள்.

போன அக்டோபரில் மக்கள் எழுச்சி வெடித்த மறுநாள், இருபத்து நாலாம் தேதி காலை நடந்ததை இங்கே ஒரு முறை சொல்லிவிடுவது நல்லது. அன்றைக்கு ‘சிரிக்கும் பண்ணை’ என்ற சிரிப்புப் படத்தின் நாற்பத்தோராம் காட்சியை எடுத்திருக்க வேண்டும். நானூறு வாத்துகள் மரப்பாலம் தாண்டி வர, பின்னால் கதாநாயகி பாடிக்கொண்டு வருவாள். கேமராமேன் வெண்டெல் வாசலில் கேமராவோடு வண்டிக்குக் காத்திருந்தான். வண்டி வரவில்லை. டாங்கிகள் வந்தன.

தெரு முனையில் நின்று வெண்டெல் கேமராவைத் திருப்பினான். எதிரே ரொட்டிக்கடை வெள்ளைத் தொப்பியோடு தெஜோ ஏணியில் ஏறி, கட்சி அலுவலக வாசலில் இருந்த கல் நட்சத்திரத்தைச் சம்மட்டியால் அடித்துக்கொண்டிருந்தான். குண்டுகள் சுவரைக் கொத்தின. அந்த நேரத்தில் வேறு யாராக இருந்தாலும் பொத்தானை அழுத்தியிருப்பார்கள். வெண்டெல் அழுத்தவில்லை. பையிலிருந்து கிளாப் பலகையை எடுத்து, லென்ஸுக்கு முன்னால் நீட்டி, அதில் ஏற்கெனவே சாக்பீஸால் எழுதியிருந்த படத்தின் பெயர், காட்சி எண், கேமராமேன் பெயர் எல்லாம் தெளிவாக விழுகிறதா என்று பார்த்துக்கொண்டு, பிறகுதான் படம் எடுத்தான். இருபத்தைந்து வருடப் பழக்கம். பலகை காட்டாமல் அவன் ஒரு அடி ஃபிலிம் ஓட்டியதில்லை. சொந்தக் கல்யாணத்தில்கூடப் புகைப்படக்காரரிடம் பலகை இல்லாததால் மோதிரம் மாற்ற அரை மணி நேரம் தாமதம் ஆனது என்று இல்கா வீட்டில் சொல்வார்கள்.

ஃபிலிம் முடிந்ததும் டப்பாவில் போட்டு மேலே எழுதினான். என்ன எழுதினான்? பலகையில் இருந்ததை.

எழுச்சி நீடித்த பதின்மூன்று நாளில் எடுத்ததை எல்லாம் ஒப்படைத்தால் கேள்வி இல்லை என்று ஜனவரியில் உத்தரவு வந்தது. வெண்டெல் மூன்று டப்பா கொடுத்தான். கொடுத்தவர்களை யாரும் கேள்வி கேட்கவில்லை, அது உண்மை. படத்தில் இருந்தவர்களைத்தான் கேட்டார்கள். பூதக்கண்ணாடி வைத்து முகம் முகமாக வட்டம் போட்டார்கள். பிப்ரவரியில் வெண்டெலின் தெருவில் இரண்டு வீட்டுக் கதவுகளில் துக்கத்துக்குக் கறுப்புத் துணி கட்டியிருந்தது. அந்தக் கதவுகள் வழியே போகாமல் அவன் இப்போது சுற்றி நடக்கிறான். நாலாவது டப்பா கொழுப்புக்கு அடியிலேயே கிடந்தது.

கதவு திறந்தது. இரவு முழுக்க மாவு பிசைந்த தெஜோ, புருவம் வெளுத்து, ரொட்டியோடு உள்ளே வந்தான்.

"என்ன, ரெண்டு பேரும் சாவு வீடு மாதிரி உக்காந்திருக்கீங்க? அத்தான், கையில என்ன? கொழுப்பா? இங்க நீட்டுங்க, ரொட்டியில தடவிக்கறேன்."

இல்கா சொன்னாள். சொல்லும்போது அவள் அழவில்லை. ஒவ்வொரு சொல்லாக எண்ணி வைத்தாள். தெஜோ ரொட்டியை அறுத்தான், வெங்காயத்தை அறுத்தான், கேட்டுக்கொண்டே இருந்தான்.

"ஏன் அத்தான், என் முகம் விழுந்திருக்குமா?"

"பதினொண்ணு எண்ணற வரைக்கும் முதுகு. அப்புறம் திரும்பினே."

"திரும்பிச் சிரிச்சேன்ல? ‘அத்தான், மூக்கு ஃபோகஸ்ல இருக்கா’ன்னு கேட்டேன்."

"ஆமா."

"இருந்துச்சா?"

 இருந்தது. அதுதான் பிரச்சினை.

தெஜோவின் கழுத்து நின்றுகொண்டிருந்தது ஒரு டாக்டர் சீட்டின் மேல். அக்டோபர் முழுக்கக் கெச்கெமேட் ஊரில் அத்தை வீட்டில் பொன்னுக்கு வீங்கி வந்து படுத்திருந்ததாக அந்தச் சீட்டு சொன்னது. போலீசுக்கு அதில் சந்தேகம். ஆனால் கையில் எதுவும் இல்லை. அதனால் வியாழக்கிழமைதோறும் நாலு மணிக்கு ஸ்டேஷனில் வந்து கையெழுத்துப் போடச் சொல்லியிருந்தார்கள்.

அன்றைக்கு வியாழக்கிழமை.

"போகாதே," என்றாள் இல்கா.

"போகலேன்னா நான்தான்னு நானே எழுதிக் குடுத்த மாதிரி, அக்கா."

"மேற்கே போ. ரயில் ஏறு."

"எல்லையில திரும்பக் கண்ணிவெடி புதைக்கறானாம். போன வாரம் எங்க கடைப் பையனோட சித்தப்பா போனாரு. அவரு தொப்பி மட்டும் அந்தப் பக்கம் போய்ச் சேந்துச்சாம்." ரொட்டியைக் கடித்தான். மெல்ல முடியவில்லை போலிருக்கிறது, வாயிலேயே வைத்திருந்தான்.

வெண்டெல் கையைத் துடைத்தான். "இன்னும் கழுவியிருக்க மாட்டாங்க. நம்ம லேப் ஒரு டப்பாவைக் கழுவ மூணு வாரம் எடுக்கும். நான் போய் அதைத் திரும்ப வாங்கிடறேன்."

"வாங்க முடியலேன்னா?"

ஏற்பாடு பேசினார்கள். கீழே மளிகைக்கடையில் ஒரு போன் உண்டு. மூன்று மணியிலிருந்து அக்காவும் தம்பியும் அதன் பக்கத்தில் ஊறுகாய் வாங்குவது போல நிற்பார்கள். மூன்றரைக்குள் போன் மணி அடித்தால் தெஜோ ஸ்டேஷனுக்குக் கிளம்புவான். அடிக்காவிட்டால், ரயில்.

"பேச வேண்டாம்," என்றான் வெண்டெல். "அடிச்சாலே போதும்."

---

லேப்பின் சரித்திரத்தில் அந்த மார்ச் மாதம் பொன் எழுத்தால் பொறிக்க வேண்டியது. கொடுத்த டப்பாவை ஒரே நாளில் கழுவி, மறுநாளே பிரிண்டும் போட்டுவிட்டார்கள்.

காரணம் வாத்துகள். சண்டை நடந்த நாட்களில் ஊருக்குள் சாப்பாடு வரவில்லை; படத்துக்கென்று கொண்டுவந்து கொட்டகையில் வைத்திருந்த நானூறு நடிகர்களையும் தொழிற்சாலைக்காரர்கள் சாப்பிட்டுவிட்டார்கள். இயக்குநர் சாந்தோ மட்டும் தன் பங்கைக் கண்ணீரோடு சாப்பிட்டார். இப்போது மே தினத்துக்குள் படம் முடிய வேண்டும். நாற்பத்தோராம் காட்சி இல்லை. நாட்டில் நானூறு வாத்தும் இல்லை. எடுத்தது எங்கேயோ தொலைந்துபோயிற்று என்று மேலிடத்துக்கு எழுதிவிட்டார்கள். எடுக்கவே இல்லை என்று எழுத யாருக்கும் தைரியம் வரவில்லை; எழுதி எழுதி, எடுத்ததாகவே எல்லோரும் நம்பத் தொடங்கியிருந்தார்கள். இந்த நிலையில்தான் இல்கா டப்பாவோடு வந்து நின்றாள்.

எடிட்டர் போரிஷ்கா வாசலிலேயே வெண்டெலின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள்.

"ஹல்மோஷ், உங்க வீட்டுக்காரிக்குக் கோயில் கட்டணும். வாத்துங்க கிடைச்சிடுச்சு."

"பாத்தீங்களா?"

"யாரு பாக்க விட்டா? வாத்துன்னா வெள்ளை, வெள்ளைன்னா ஒரே வெளிச்சம்னு லேப்ல கண்ணை மூடிட்டுப் பிரிண்ட் போட்டுட்டாங்க. பிரிண்டைத் தோழர் பகோஷ் ஈய முத்திரை வச்சுப் பெட்டியில பூட்டிட்டாரு. மூணு மணிக்கு அவரே வந்து திறப்பாராம்."

"நெகட்டிவ்?"

"நெகட்டிவ் ரூம்ல. சாவி இங்க." கோட்டுப் பையைத் தட்டிக் காட்டினாள்.

கேட்டால் என்ன? ‘போரிஷ்கா, அந்தச் சாவியைக் கொஞ்சம் குடு’ என்று ஒரு வார்த்தை. பன்னிரண்டு வருடமாக அவன் எடுத்ததை அவள்தான் வெட்டி ஒட்டினாள். நல்லவள். ஆனால் ஃபாக்டரிச் சமையல்கார லெங்கேல்கூட நல்லவன்தான். அவன் போலீசுக்கு எழுதிக் கொடுத்த தாளில்தான் லைட்டுக்காரர் இருவர் சிறைக்குப் போனார்கள். யாரோ எழுதுகிறார்கள். யார் என்று எல்லோருக்கும் தெரியும். ஆளுக்கு ஒரு பெயர் தெரியும்.

வெண்டெல் சாவியைக் கேட்கவில்லை.

பத்தொன்பது வயதில் லென்ஸ் துடைக்கிற வேலைக்கு இதே வாசல் வழியாக வந்தவன் அவன். கடலே இல்லாத நாட்டை ஆண்ட கடற்படைத் தளபதி வெள்ளைக் குதிரையில் போனதை எடுத்தான். கைப்பட்டை கட்டிய பாசிஸ்டுகள் வந்தார்கள், அவர்களையும் எடுத்தான். பிறகு கம்யூனிஸ்டுகளின் டிராக்டர்களை எடுத்தான். ஆட்சி மாறும்போதெல்லாம் புதிதாக வந்தவர்கள் அவனிடம் கேட்டது ஒன்றேதான்: எங்கே நின்றால் நன்றாக விழுவோம்? எல்லோரையும் ஜன்னல் பக்கம் திரும்பி நிற்கச் சொன்னான். நாலு ஆட்சிகள் அப்படித் திரும்பி நின்றன. அவன் எடுத்தால் எந்த முகமும் அழகாகவும் தெளிவாகவும் விழும் என்பது ஊரறிந்த பெயர். அந்தப் பெயர்தான் இப்போது தெஜோவுக்கு எமன்.

இரண்டே முக்காலுக்குப் புரொஜெக்டர் அறையின் இரும்புப் படியில் ஏறினான். ஆபரேட்டர் சோன்காவுக்கு அறுபது வயது. மேஜை மேல் ஈய முத்திரை வைத்த பெட்டி இருந்தது. சோன்கா அதற்குப் பக்கத்தில் பன்றிக்கொழுப்பு ரொட்டி தின்றுகொண்டிருந்தார்.

"சோன்கா அண்ணே, இன்னிக்கு மெஷின் ரிப்பேர்னு சொல்லிடலாமா?"

"மெஷின் என்னிக்குத் தம்பி ரிப்பேர் இல்லாம இருந்துச்சு? இதோ பாரு." புரொஜெக்டரின் மேல் சக்கரத்துக்குக் கீழே விரலை வைத்துக் காட்டினார். "தீ மறிக்கிற உருளை. உடைஞ்சு கிடக்கு. பதினோரு தடவை எழுதிக் குடுத்துட்டேன். குடுத்திருக்கறது பழைய ஸ்டாக் பிரிண்ட்டு, பெட்ரோலுக்குத் தம்பி மொறை. ஓடிக்கிட்டே இருந்தா ஒண்ணுமில்ல. மூணு மூச்சு நின்னுச்சோ, விளக்குச் சூட்டுல பத்திக்கும். பத்தினா மேல் சக்கரம் வரைக்கும் போய்டும். அப்புறம் நீயும் நானும் வாத்து மாதிரி டான்யூப் ஆத்து மேல பறக்க வேண்டியதுதான்."

"அப்ப ஓட்டாதீங்க."

"ஓட்டலேன்னா சதின்னு எழுதுவான். ஓட்டினா வேலைன்னு எழுதுவான்." சோன்கா ரொட்டித் துணுக்கைத் துடைத்துக்கொண்டார். பெட்டியைப் பார்த்தார், வெண்டெலின் முகத்தைப் பார்த்தார். "உள்ள வாத்து இல்ல, என்ன?"

வெண்டெல் ஈய முத்திரையைப் பார்த்தான்.

"நான் எதுவும் கேக்கல," என்றார் சோன்கா.

---

பிரிவியூ தியேட்டரில் இருபது நாற்காலி. கட்சி மேலிடம் கண்காணிக்க அனுப்பிய தோழர் பகோஷ் எப்போதும் முதல் வரிசையில் உட்காருவார். ஜனவரி வரை பொத்தான் தொழிற்சாலையில் மேற்பார்வையாளர், வந்த புதிதில் ஒரு டப்பாவைக் காதில் வைத்து ஆட்டி, "பாட்டு எந்த இடத்துல இருக்கு?" என்று கேட்டவர். அன்றைக்கு எல்லோரும் பிறகு தனித்தனியாகப் போய்ச் சிரித்தார்கள். அவர் குரலை உயர்த்தியதே கிடையாது. எதிரில் வருகிறவருக்குப் புதினா மிட்டாய் கொடுப்பார். அவர் மிட்டாய் கொடுத்தவர்களில் சிலர் அதற்குப் பிறகு வேலைக்கு வரவில்லை.

"தோழர் ஹல்மோஷ், இங்க பக்கத்துல வாங்க. உங்க வாத்து, நீங்கதான் விளக்கணும். மிட்டாய்?"

வெண்டெல் வாங்கி வாயில் போட்டான். பின் வரிசையில் சாந்தோவும் போரிஷ்காவும் உட்கார்ந்தார்கள். பகோஷின் மடியில் ஒரு ஆல்பம் இருந்தது. வெண்டெலுக்கு அது தெரியும். தொழிற்சாலையில் எல்லோருக்கும் தெரியும். பெயர் தெரிந்த முகங்களுக்குச் சிவப்பு வட்டம், தெரியாதவற்றுக்கு நீல வட்டம். கடைசிப் பக்கத்தில் முகமே இல்லாத ஒரு படம்: ஏணி மேல் ஒருவன், முதுகு, கையில் சம்மட்டி, தலையில் வெள்ளைத் தொப்பி.

விளக்கு அணைந்தது.

திரையில் முதலில் வந்தது ஒரு கை. வெண்டெலின் சொந்தக் கை, கல்யாண மோதிரத்தோடு. கையில் பலகை: சிரிக்கும் பண்ணை, காட்சி 41, கேமரா ஹல்மோஷ்.

"ஆகா," என்றார் சாந்தோ பின்னாலிருந்து, குரல் தழுதழுக்க.

பலகை விலகியது. வாத்து இல்லை.

புகை. ஈரத் தெரு. ஏணி. வெள்ளைத் தொப்பி.

ஒன்று, என்று எண்ணினான் வெண்டெல். தான் எடுத்ததை அவன் முதல் முறையாகப் பார்க்கிறான். இவ்வளவு நல்ல வெளிச்சம் அவன் வாழ்நாளில் கிடைத்ததில்லை. இரண்டு. கல் தூள் ஒவ்வொன்றும் தனித்தனியாகப் பறந்தது. மூன்று.

"அட," என்றார் பகோஷ் மெல்ல. "நம்ம தொப்பி."

நாலு. பகோஷ் ஆல்பத்தைத் திறக்கவில்லை. அவருக்கு அது தேவைப்படவில்லை. முன்னால் சாய்ந்தார். ஐந்து. இன்னும் ஆறு எண்ணினால் தெஜோ திரும்புவான், சிரிப்பான், மூக்கு ஃபோகஸில் இருக்கும். மிட்டாய் வெண்டெலின் பல்லில் ஒட்டிக்கொண்டது.

"தோழர்," என்றான். அது தன் குரல் மாதிரியே அவனுக்குத் தோன்றவில்லை. "இந்த வேகத்துல ஆளு அடையாளம் தெரியாது. நிறுத்திப் பாத்தாதான் சரியா தெரியும்."

பின்னால் போரிஷ்கா மூச்சை இழுத்தது கேட்டது. "தூ," என்றாள், அவனுக்கு மட்டும் கேட்கும்படி.

ஆறு.

"நிறுத்தலாமா?"

"நிறுத்தலாம் தோழர். நீங்க சொன்னா."

"நிறுத்துங்க," என்றார் பகோஷ் அறையைப் பார்த்து.

ஏழு. சின்ன ஜன்னலில் சோன்காவின் தலை தெரிந்தது. "நிறுத்தக் கூடாதுன்னு விதி இருக்கு தோழர்."

"நிறுத்துங்கன்னேன்."

எட்டு. "என் பொறுப்பு இல்ல தோழர். சாட்சிக்குச் சொல்றேன்."

"என் பொறுப்பு."

ஒன்பது. தொப்பி அசைந்தது. பத்து. காது தெரிந்தது, மாவு ஒட்டிய கன்னம் தெரிந்தது, மீசையின் ஒரு நுனி.

படம் நின்றது.

பெரிய திரையில் பாதி முகம். அசையாமல், ஆறு அடி உயரத்துக்கு. பகோஷ் எழுந்து திரைக்குப் போனார். கையை நீட்டினார். அவருடைய நிழல் விரல் தெஜோவின் காதைத் தொட்டது. ஒரு மூச்சு. வெண்டெல் நாற்காலியின் கையைப் பிடித்தான். இரண்டு. பகோஷ் தலையைச் சாய்த்தார், சுவருக்கு அந்தப் பக்கம் இருக்கிற மீதி முகத்தை எட்டிப் பார்ப்பவர் மாதிரி. மூன்று.

கன்னத்தின் நடுவில் ஒரு பழுப்புப் புள்ளி வந்தது.

புள்ளி விரிந்தது. காதைத் தின்றது, மீசையைத் தின்றது, தொப்பி பொங்கிக் கறுத்தது. திரை வெறும் வெள்ளை ஆனது. அதே நொடி மேலே அறையில் பெரிய பாம்பு சீறுவது போல ஒரு சத்தம், இரும்பு ஷட்டர் தடாலென்று விழுந்தது, எங்கும் இருட்டு.

"வெளியே, வெளியே," என்று சாந்தோ கத்தினார். யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

---

வராந்தாவில் எல்லோரும் இருமினார்கள். கடைசியாகப் புகைக்குள்ளிருந்து சோன்கா நடந்து வந்தார், அவசரமில்லாமல். இரண்டு புருவமும் இல்லை. கையில் ஒரு தகரத் தட்டு. அதில் ஒரு கைப்பிடி சாம்பல்.

"பதினோரு தடவை எழுதிக் குடுத்தேன்," என்றார். "இதான் தோழர், உங்க பிரிண்ட்டு."

வெண்டெலால் அந்தப் புருவமில்லாத முகத்தைப் பார்க்க முடியவில்லை. போரிஷ்காவைப் பார்த்தான். அவள் அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். சற்று முன் துப்பிய வாய் இப்போது இறுக மூடியிருந்தது. அவன் ஏன் நிறுத்தச் சொன்னான் என்று அவளுக்குப் புரிந்துவிட்டது.

பகோஷ் தட்டைக் கூர்ந்து பார்த்தார். கோபம் இல்லை. ஒரு விரலால் சாம்பலைத் தொட்டு, கைக்குட்டையில் துடைத்துக்கொண்டார்.

"போச்சா?"

"போச்சு தோழர்," என்றான் வெண்டெல்.

"வேற இல்லையா?"

அந்த வராந்தாவில் நாலு பேர் படத் தொழிலில் தலை நரைத்தவர்கள். ஒரு பிரிண்ட் எரிந்தால் நெகட்டிவிலிருந்து இன்னொன்று போட லேப்புக்கு ஒரு பகல் போதும் என்பது நாலு பேருக்கும் தெரியும். சாந்தோ தன் ஷூவைப் பார்த்தார். சோன்கா சாம்பலைப் பார்த்தார். போரிஷ்காவின் வலது கை கோட்டுப் பைக்குள் போனது.

யாரும் பேசிவைத்துக்கொள்ளவில்லை.

"ஃபிலிம்னாலே அப்படித்தான் தோழர்," என்றான் வெண்டெல். "எரிஞ்சா சாம்பல்."

"பாவம்," என்றார் பகோஷ். "நல்லா வந்திருந்துச்சு." தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டு வாசல் பக்கம் நடந்தார்.

சுவர்க் கடிகாரத்தில் மூன்று இருபத்தாறு. போன் கதவுக்குப் பக்கத்தில் சுவரில் இருந்தது. வெண்டெல் நடந்தான், ஓடக் கூடாது என்று ஒவ்வொரு காலிடமும் தனித்தனியாகச் சொல்லி நடந்தான். "வீட்டுக்கு ஒரு போன். தீன்னு கேள்விப்பட்டா பயப்படுவா," என்றான் யாரிடம் என்றில்லாமல். எண்ணைச் சுற்றினான். விரல் இரண்டு முறை வழுக்கியது. காலையில் ஒட்டிய கொழுப்பு இன்னும் போகவில்லை.

மணி அடித்தது. ஒன்று. இரண்டு.

எடுத்தாள். ஊறுகாய்ப் பீப்பாயைத் தாண்டி ஓடிவந்திருக்க வேண்டும், மூச்சு வாங்கியது.

"அடிச்சதுமே கிளம்பிட்டான்," என்றாள் இல்கா. "விசிலடிச்சுக்கிட்டே போறான். வாசல்ல நின்ன டிராம்ல ஏறிட்டான். வெண்டெல், நிஜமாவே முடிஞ்சுதா?"

அவன் வாயைத் திறந்தான்.

"தோழர் ஹல்மோஷ்."

பகோஷ் வாசலில் நின்றிருந்தார். போனவர் திரும்பி வந்திருந்தார். புதினா மிட்டாய்ப் பொட்டலத்தை விரலால் துழாவிக்கொண்டிருந்தார்.

"ஒரு சின்னச் சந்தேகம். எனக்கு உங்க தொழில் தெரியாது, தப்பா இருந்தா சிரிக்காதீங்க. போன கோடையில வீட்டுக்காரியோட பலாட்டோன் ஏரிக்குப் போயிருந்தேன். கரையில ஒருத்தன் எங்களைப் போட்டோ பிடிச்சுக் குடுத்தான். நல்லாத்தான் இருந்துச்சு. அந்தக் கவருக்குள்ள போட்டோவோட கூடவே ஒரு கறுப்புத் துண்டு இருந்துச்சு. வெளிச்சத்துல பிடிச்சா நானும் அவளும் பேய் மாதிரி தெரியறோம், முடி வெள்ளையா, பல்லு கறுப்பா. ‘போட்டோ தொலைஞ்சா இதைக் கொண்டாங்க, இன்னொண்ணு போட்டுத் தரேன்’னான்." ஒரு மிட்டாயை எடுத்து, காகிதத்தை நிதானமாகப் பிரித்தார். "அதுக்கு ஒரு பேரு சொன்னான். நாக்கு நுனியில நிக்குது, வரமாட்டேங்குது. அது என்ன பேரு?"

 சோன்காவின் தட்டிலிருந்து கொஞ்சம் சாம்பல் காற்றில் பறந்தது.

"வெண்டெல்?" என்றாள் இல்கா போனில். "ஏன் பேசமாட்டேங்கறே? வெண்டெல்?"

போரிஷ்காவின் கோட்டுப் பைக்குள், விரல்களுக்கு நடுவே, சாவி ஒரு முறை கிணுங்கியது. பகோஷ் மிட்டாயை வாயில் போட்டுக்கொண்டு, சத்தம் வந்த பக்கம் தலையைத் திருப்பினார்.